கடிகாரம் நிற்கவில்லை என்று ஒரு புகார்

குறைதீர்ப்பு அலுவலர் அவர்களுக்கு,

வணக்கம். உங்கள் வீடியோ கேமின் சிறப்புப் பெட்டியை 6,499 ரூபாய் கொடுத்து வாங்கியவன் நான். கேமில் ஒரு குறையும் இல்லை, அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் போனில் பேசிய உங்கள் ஆள் "கேமில் என்ன சார் பிரச்சினை" என்றே மூன்று தடவை கேட்டார். பிரச்சினை பெட்டியோடு வந்த பாக்கெட் கடிகாரத்தில். அது நிற்க மாட்டேன் என்கிறது.

சிரிக்க வேண்டாம். கேமில் கடிகாரம் செய்யும் காலக்கம்மியர் கிழவியைக் காட்டித்தான் இந்தப் பெட்டியையே விற்றீர்கள். மூன்று ராஜாக்களுக்கு முன்பே செத்துப்போனதாக ஊரே நம்பும் கிழவி, கலங்கரை விளக்கத்துக்கு அடியில் உட்கார்ந்து நேரத்தை நூலாக நூற்று ஸ்பிரிங்காகச் சுற்றிக்கொண்டிருக்கிறாள். கடிகாரம் கேட்டு வருகிறவனிடம் அவள் காசு கேட்பதில்லை, அவன் வாழ்ந்த ஒரு மத்தியானத்தைக் கேட்கிறாள். (எதைக் கொடுத்தேன் என்று எனக்கே இப்போது ஞாபகம் இல்லை, அதுதானே கணக்கு.) அவள் போடும் ஒரே நிபந்தனை, ராத்திரி படுக்கும் முன் சொந்தக் கையால் சாவி கொடுக்க வேண்டும், மறந்தால் மறுநாள் உனக்குக் கிடையாது. நான் ஒரு தடவை மறந்தேன். அடுத்து விளையாடும்போது சந்தையில் மீன்காரி "நேற்று நீ வரவே இல்லையே" என்கிறாள். அந்த இடத்தை எழுதியவர் யாரோ, அவருக்கு என் வணக்கத்தைச் சொல்லுங்கள்.

உங்கள் தளத்தில் "கிழவியின் கைவேலை அப்படியே, பேட்டரி கிடையாது, தினமும் நீங்களே சாவி கொடுக்கலாம்" என்று போட்டிருந்தது. ஸ்கிரீன்ஷாட் இணைத்திருக்கிறேன்.

நானும் கொடுத்தேன், ஒன்பது ராத்திரி. என் அப்பா முப்பது வருஷம் பஸ் ஸ்டாண்ட் பக்கம் வாட்ச் ரிப்பேர் கடை வைத்திருந்தவர், அவருடைய எச்எம்டி ஜனதா என்ற சாவி வாட்சுக்குக் காலையில் சாவி கொடுப்பது சின்ன வயதில் என் வேலை. பட்டனைத் திருகத் திருக விரலில் இறுக்கம் ஏறும், போதும் விடு என்று வாட்சே சொல்லும். உங்களுடையதில் இறுக்கம் ஏறவே இல்லை, கிரிக் கிரிக் என்று சத்தம் மட்டும் வந்தது. நொடி முள்ளும் கிடையாதா, அது ஓடுவதைப் பார்த்துச் சந்தேகப்படவும் வழியில்லை, புதுசு அப்படித்தான் இருக்கும் என்று விட்டுவிட்டேன். அப்புறம் ஒரு கல்யாணத்துக்குத் திண்டுக்கல் போய் நான்கு நாள் கழித்து வந்து பார்த்தால், மேஜை மேல் அது பாட்டுக்கு ஓடிக்கொண்டிருக்கிறது, ஒரு நிமிஷம்கூடப் பிசகாமல். ஜனதா என்றால் ஒன்றரை நாளில் நின்றிருக்கும்.

வாட்ச் ரிப்பேருக்கு ஒரு கண்ணில் மாட்டும் அப்பாவின் பூதக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு பின்மூடியைத் திறந்தேன். ஒரு பட்டன் செல், பக்கத்தில் செம்புக் கம்பிச் சுருள், பேட்டரியில் ஓடும் சாதாரண குவார்ட்ஸ் மெஷின். சரி, அதுகூடப் போகட்டும். திருகும் பட்டனுக்கு அடியில் வெள்ளை பிளாஸ்டிக்கில் ஒரு பல்சக்கரம் இருக்கிறது. அது வேறு எந்தச் சக்கரத்தோடும் சேரவில்லை. ஒரு தகட்டில் உரசி அந்தக் கிரிக் கிரிக் சத்தத்தைப் போடுவதற்காகவே அதை வைத்திருக்கிறீர்கள். ஒன்பது ராத்திரி நான் சத்தத்துக்குச் சாவி கொடுத்திருக்கிறேன்! பேட்டரி போட்டதைவிட, யாரோ உட்கார்ந்து யோசித்து இந்தச் சக்கரத்தைச் செய்திருக்கிறார்களே, அதுதான் எனக்கு ஆறவில்லை.

குவார்ட்ஸை நான் மட்டம் தட்டவில்லை. நொடிக்கு 32,768 தடவை அதிரும் கல், சாவி கொடுக்கும் எந்த வாட்சும் நேரத்தில் அதன் பக்கத்தில் நிற்க முடியாது. ஆனால் சரியான நேரம் தெரிய என்னிடம் போன் இருக்கிறது.

பார்சல் ஏழு வாரம் தாமதமாக வந்ததையும் நான் புகாரில் சேர்க்கவில்லை. பாரிஸில் பிரெகே என்று ஒரு நிஜமான கடிகாரக் கம்மியர் இருந்தார். பிரான்சின் மரீ அன்ட்வானெட் ராணிக்கென்று 1783-ல் அவரிடம் செய்யச் சொன்ன கடிகாரம் 1827-ல்தான் முடிந்தது, அதற்குள் ராணியின் தலையும் போய், பிரெகேயும் செத்து நான்கு வருஷம் ஆகிவிட்டது. கைவேலைக்கு என்றால் ஏழு வாரம் என்ன, ஏழு மாதம்கூடக் காத்திருப்பேன்.

என் மின்னஞ்சலுக்கு வந்த பதில்தான் உச்சம்: "சாவி பற்றிய விவரம் கேமில் உள்ள கடிகாரத்தைக் குறிக்கும்." அப்படியானால் "பேட்டரி கிடையாது" என்பது யார் சொன்னது? கிழவியின் உலகத்தில் பேட்டரி என்று ஒன்றே இல்லையே.

6,499 ரூபாயும் முழுசாகத் திரும்ப வேண்டும், திருப்பி அனுப்பும் கூரியர் செலவும் உங்களுடையது. கூப்பன், கேமுக்குள் செலவழிக்கும் காசு எதுவும் வேண்டாம். 2020-ஆம் ஆண்டின் மின்வணிக விதிகளின்படி புகார் வந்த 48 மணி நேரத்தில் பெற்றுக்கொண்டதாகச் சொல்ல வேண்டும், ஒரு மாதத்துக்குள் தீர்க்க வேண்டும். நடக்காவிட்டால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-க்குக் கூப்பிடுவேன், அதற்கும் அசையாவிட்டால் எங்கள் மாவட்ட நுகர்வோர் ஆணையம். பொருளுக்குக் கொடுத்த பணம் ஐந்து லட்சம் ரூபாய் வரை என்றால் அங்கே கட்டணமே கிடையாது, நான் இருக்கும் ஊரிலேயே போடலாம்.

கடிகாரத்தைப் பெட்டியில் வைத்துத் தயாராக எடுத்து வைத்திருக்கிறேன். செல்லைக் கழற்றிவிட்டேன், இப்போது நிற்கிறது.

இப்படிக்கு,
உங்கள் வாடிக்கையாளர்