சொன்ன திசையும் சென்ற திசையும்: மருமகளுக்கு ஒரு கடிதம்

அன்புள்ள மருமகளுக்கு,

போன ஞாயிற்றுக்கிழமை நீ தொலைபேசியில் கேட்ட கேள்விக்குப் பாதிப் பதில்தான் சொல்லியிருந்தேன். அதற்குள் பால் பொங்குகிறது என்று உன் அத்தை சத்தம் போட்டதால் வைத்துவிட்டேன். மீதியை எழுதித் தருகிறேன். உன்னைப் போல விமானவியல் படிக்கும் பிள்ளைகள் மதுரைப் பக்கம் இப்போது நிறைய இருப்பதால், எல்லாரும் வாசிக்கும்படியே எழுதுகிறேன்.

மதுரையில் ஏறிய உன் விமானம் சென்னையை நெருங்கியதும் நேரே இறங்காமல் கடலுக்குள் போய், வளைந்து, திரும்பி வந்தது என்றும், பக்கத்து இருக்கைப் பெரியவர் "பைலட்டுக்கு வழி தெரியவில்லை போல" என்று கவலைப்பட்டார் என்றும் சொன்னாய். தரையிலிருப்பவர் ரேடாரில் பார்த்துத் திசை சொல்லி விமானத்தை நடத்தும் அதற்கு ரேடார் வெக்டரிங் என்று பெயர் என நான் சொன்னதும், வகுப்பில் இன்ஜின் பாடத்தில் வரும் த்ரஸ்ட் வெக்டரிங்கும் (இன்ஜின் தள்ளும் விசையின் திசையையே திருப்புவது) இதுவும் ஒன்றா, அல்லது ஒரே சொல்லை இரண்டு துறைக்காரர்கள் தனித்தனியே எடுத்துக்கொண்டார்களா என்று கேட்டாய்.

என் பதில், இரண்டும் ஒன்றுதான். இரண்டிலும் ஒருவர் திசையை மட்டும் கொடுக்கிறார். அந்தத் திசையோடு வேறு என்னென்ன வந்து கூடுகின்றனவோ, அவற்றின் கூட்டுத்தொகையாகத்தான் பயணம் அமைகிறது. கரும்பலகையில் அம்புக்குறி போட்டு, நீளம், திசை என்று இரண்டு வார்த்தை சொல்லிவிட்டு அடுத்த பாடத்துக்குத் தாவிய வாத்தியார்களில் நானும் ஒருவன் என்பதால், இப்போது பொறுமையாகச் சொல்கிறேன்.

முதலில் உன் விமானம். சென்னையின் பெரிய ஓடுபாதையில் மேற்குமுகமாக இறங்கும்போது அதன் எண் 25, அதாவது காந்தத் திசைகாட்டியில் ஏறத்தாழ 250 பாகை. மேற்கு நோக்கி இறங்க வேண்டுமானால் கிழக்கிலிருந்துதான் வரவேண்டும். சென்னைக்குக் கிழக்கே கடலைத் தவிர வேறொன்றும் கிடையாது. தெற்கிலிருந்து வருகிற விமானத்தை, இறங்க வரும் விமானங்களைத் தரையிலிருந்து ரேடாரில் பார்த்து வழிநடத்தும் கட்டுப்பாட்டாளர் கடலின் மேல் கொண்டுபோய், உதாரணத்துக்கு, முதலில் 360 என்று வடக்கே பார்க்க வைப்பார். பிறகு "டர்ன் லெஃப்ட் ஹெடிங் டூ எய்ட் ஸீரோ" என்பார்; இடப்பக்கம் திரும்பி மூக்கை 280 பாகைக்கு வை என்று அர்த்தம். 280-இல் வரும் விமானம் ஓடுபாதையின் நீட்சிக் கோட்டை 30 பாகைக் கோணத்தில் தொடும். அங்கிருந்து 250-க்குத் திரும்பினால் ஓடுபாதை நேர் எதிரே இருக்கும். எண்களைக் கூட்டிப் படிக்காமல் ஒவ்வொன்றாகச் சொல்வதும், கேட்ட விமானி அதைத் திருப்பிச் சொல்வதும் கட்டாயம். திருப்பிச் சொல்லாத ஹெடிங் கொடுக்கப்படாத ஹெடிங்.

ஏன் நேரே விடாமல் சுற்றவிடுகிறார்கள் என்றால், முன்னால் இன்னொருவர் இறங்கிக்கொண்டிருக்கிறார். விமான நிலையத்தைச் சுற்றி ரேடார் பார்வையில் இரண்டு விமானங்களுக்கு நடுவே பொதுவாக 3 கடல் மைலாவது, அல்லது உயரத்தில் 1000 அடியாவது இடைவெளி வேண்டும். பெரிய விமானத்தின் பின்னால் வருபவருக்கு அது கிளப்பிவிடும் சுழற்காற்றுக்காக இன்னும் அதிகம். பேருந்து போல ஓரமாக நிறுத்திவைக்க முடியாததால், காத்திருக்கும் நேரத்தைத் தூரமாக மாற்றிக் கொடுக்கிறார்கள். கணக்குப் போட்டுப் பார். 20 கடல் மைல் நேர்கோட்டுப் பாதையில் முதல் பாதியை 30 பாகை விலகியும், மறுபாதியை அதே கோணத்தில் திரும்பியும் பறந்தால், மொத்தத் தூரம் ஏறத்தாழ 23 கடல் மைலாகிறது. நாட் என்றால் மணிக்கு ஒரு கடல் மைல்; 180 நாட் வேகத்தில் நிமிடத்துக்கு 3 கடல் மைல். ஆக, அந்த ஒரு கோணத்தால் ஏறத்தாழ ஒரு நிமிடம் தள்ளிப்போகிறது. உன் பெரியவர் வழி தவறியதாக நினைத்த அந்த வளைவு இப்படி அளந்து கொடுத்த ஒரு நிமிடமாக இருந்திருக்கும்.

கட்டுப்பாட்டாளரின் வேலையில் எனக்கு வியப்பூட்டுவது, அவர் எப்போதும் கொஞ்சம் எதிர்காலத்தோடு பேசுகிறார் என்பதுதான். நொடிக்கு 3 பாகை என்பது வழக்கமான திரும்பும் வேகம். 360-இலிருந்து 280-க்குத் திரும்ப 27 நொடி ஆகும். அதற்குள் விமானம் இரண்டரைக் கிலோமீட்டர் போய்விடும். திரையில் அவர் பார்க்கும் புள்ளியோ ரேடார் நான்கைந்து நொடிக்கு ஒரு சுற்றுச் சுற்றி வந்து வைப்பது. அடுத்த புள்ளி விழுவதற்குள் விமானம் 400 மீட்டர் நகர்ந்திருக்கும். கோட்டைத் தொட்ட பிறகு திரும்பச் சொன்னால் கோட்டைத் தாண்டித்தான் திரும்பும்.

இதற்கு மேல் காற்று வேறு இருக்கிறது. ஹெடிங் என்பது விமானத்தின் மூக்கு பார்க்கும் திசை. தரைக்கு மேல் அது உண்மையில் நகரும் திசை வேறு. சின்ன வயதில் சோழவந்தான் பக்கம் வைகையில் (தண்ணீர் ஓடிய காலத்தில்தான்) எதிர்க்கரை மருதமரத்தை அடைய, அதற்கு மேற்கே நாலு மரம் தள்ளிக் குறி வைத்து நீந்துவோம். ஆறு எங்களைக் கிழக்கே தள்ளி மருதமரத்தில் கொண்டுபோய்ச் சேர்த்துவிடும். 180 நாட் வேகத்தில் பறக்கும் விமானத்துக்குக் குறுக்கே 30 நாட் காற்றடித்தால், நேராகப் போவதற்கு அது மூக்கை ஏறத்தாழ 10 பாகை காற்றின் பக்கம் சாய்த்துக்கொள்ள வேண்டும். விமானி ஹெடிங்கில் பறக்கிறார். கட்டுப்பாட்டாளர் திரையில் பார்ப்பதோ நகர்ந்த தடத்தை. நடுவிலுள்ள காற்றைக் கட்டுப்பாட்டாளர் மனக்கணக்காகக் கழித்துக்கொண்டே திசை சொல்கிறார். அம்மியையே பறக்கவிடும் ஆடிக் காற்றை இந்தக் கணக்கில் மறக்க முடியுமா, யோசித்துப் பார்.

இன்னொரு விஷயம் உன் பாடப்புத்தகத்தில் இருக்காது. கருவிவிதிப்படி, அதாவது வெளியே பார்ப்பதை நம்பாமல் கருவிகளைப் பார்த்தே பறக்கும் விமானத்துக்கு வெக்டர் கொடுக்கத் தொடங்கியதும், மலையில் மோதாமல் காக்கும் பொறுப்பில் பெரும்பங்கு கட்டுப்பாட்டாளரிடம் வந்துவிடுகிறது. நாகமலையும் யானைமலையும் அழகர்மலையும் சூழ்ந்த ஊர்க்காரியான உனக்கு இதன் கனம் புரியும். இதற்காகவே எந்தப் பகுதியில் எவ்வளவு உயரத்துக்குக் கீழே இறக்கக்கூடாது என்று தனி வரைபடம் வைத்திருப்பார்கள். "இனி உன் வழியில் போ" என்று ஒப்படைக்கும் கணம் வரை அந்தப் பொறுப்பு நீடிக்கும். அந்தக் கணம் தெளிவில்லாமல் போனதன் விலையை 1974 டிசம்பர் 1 அன்று அமெரிக்காவில் கண்டார்கள். வாஷிங்டன் அருகே டல்லஸ் நிலையத்துக்கு வந்த டி.டபிள்யூ.ஏ. 514 என்ற போயிங் 727-க்கு வெக்டர் கொடுத்து, பிறகு இறங்குமுறைக்கு அனுமதியும் கொடுத்தார்கள். அனுமதி வந்துவிட்டதால் 1800 அடிக்கு இறங்கலாம் என்று விமானிகள் எடுத்துக்கொண்டார்கள். உயரத்தைப் பார்த்துக்கொள்வது விமானிகளின் வேலை என்று கட்டுப்பாட்டாளர் இருந்தார். விமானம் வர்ஜீனியாவில் மவுண்ட் வெதர் மலையில் மோதி 92 பேரும் இறந்தார்கள். திசையில் தவறில்லை. யார் கையில் பொறுப்பு இருக்கிறது என்பதில்தான் இருதரப்பும் வேறுவேறாக நினைத்திருந்தன.

சொல்லின் கதையைச் சுருக்கமாகச் சொல்கிறேன். லத்தீனில் வெக்டர் என்றால் சுமந்து செல்பவர். இலங்கைத் தமிழ்ப் பாடநூல்களில் இதைக் "காவி" என்றே சொல்கிறார்கள். காவுதல் என்றால் சுமத்தல். நம்முடைய "திசையன்" திசையைச் சொல்லிவிட்டுச் சுமப்பதை விட்டுவிட்டது. காவிதான் நல்ல சொல் என்பது என் கட்சி. 1940-இல் பிரிட்டன் மீது ஜெர்மானிய விமானங்கள் வந்தபோது, ரேடார் செய்தியைக் கையில் வைத்துக்கொண்டு தரையிலிருந்த கட்டுப்பாட்டாளர்கள் தம் போர் விமானிகளுக்கு "வெக்டர்" என்று சொல்லி மூன்று எண்களைக் கொடுத்தார்கள். அதுவே ஹெடிங்குக்கு அவர்கள் வைத்திருந்த குறிச்சொல்.

இனி இன்ஜின். இதற்கு நம்மூர்த் தேரைவிட நல்ல விளக்கம் எனக்குக் கிடைக்கவில்லை. சித்திரைத் தேர் கீழமாசி வீதியிலிருந்து தெற்குமாசி வீதிக்குத் திரும்பும் முனையில் நீ என் தோளில் உட்கார்ந்து பார்த்திருக்கிறாய். சக்கரத்தடியில் முட்டுக்கட்டை போடுகிறவர் உள்ளங்கால் அளவு இடம் விட்டுக் குனிந்து, கட்டையைச் சாய்வாகச் செருகி, சக்கரம் அதன்மேல் உரசி வழுக்கும் நொடியில் கையை இழுத்துக்கொள்வார். தேர் அந்த அளவு திரும்பும். ஆனால் தேர் நின்றுவிட்டால் அவர் கட்டையால் ஒன்றும் செய்ய முடியாது. விமானத்தின் வால் துடுப்பும் அப்படித்தான். காற்று வேகமாக ஓடும்வரை திருப்பும். வேகம் குறைந்தால் வெறும் தகடு. அதே முனையில் இன்னொன்றும் நடக்கும். வடம் பிடித்தவர்கள் தெற்குமாசி வீதிக்குள் நுழைந்துவிடுவதால் இழுவிசையின் திசையே மாறிவிடும். த்ரஸ்ட் வெக்டரிங் இந்த இரண்டாவது வகை. ஒரே ஒரு வேறுபாடு உண்டு: வடம் முன்னால் இருக்கிறது, ஜெட் பின்னால் இருக்கிறது. அதனால் வாலை இடப்பக்கம் தள்ளினால் மூக்கு வலப்பக்கம் போகும்.

இதைப் பார்க்க நீ வெளிநாடு போக வேண்டியதில்லை. 2020 ஜனவரியிலிருந்து தஞ்சாவூர் விமானப்படைத் தளத்தில் இருக்கும் சுகோய்-30 எம்.கே.ஐ. விமானங்களின் இரண்டு இன்ஜின்களுக்கும், சூடான வாயு வெளியேறும் முனைக்குழல் 15 பாகை வரை திரும்பும். அந்த 15 பாகைக்கு, உந்துவிசையில் கால் பங்குக்குச் சற்று மேலே பக்கவாட்டில் கிடைக்கும். முன்னோக்கிய விசையில் இழப்பு மூன்றரை சதவீதம்கூட இல்லை. சைனும் கோசைனும் இதைவிட மலிவாக எதையும் விற்பதில்லை. குழல்கள் திரும்பும் தளங்கள் சாய்வாக வைக்கப்பட்டிருப்பதால், இரண்டும் சேர்ந்து அசைந்தால் மூக்கு ஏறி இறங்கும். எதிரெதிராக அசைந்தால் விமானம் உருளவும் பக்கம் திரும்பவும் செய்யும். நம் கடற்படை 1983 முதல் 2016 வரை வைத்திருந்த சீ ஹாரியரோ இந்தக் கருத்தை எல்லைவரை கொண்டுபோனது. நான்கு குழல்களையும் கீழ்நோக்கித் திருப்பி, தன் எடையை உந்துவிசையாலேயே தாங்கி, கப்பல் மேல் செங்குத்தாக இறங்கியது.

ராக்கெட்டுக்கு இது ஆடம்பரமே இல்லை. காற்றில்லாத இடத்தில் துடுப்புக்கு வேலை கிடையாது. பி.எஸ்.எல்.வி.யின் இரண்டாம் கட்டத்தில், மகேந்திரகிரியில் சோதித்து அனுப்பும் விகாஸ் இன்ஜின் முழுவதுமே 4 பாகை வரை சாயும். ஏறத்தாழ 80 டன் உந்துவிசையில் 4 பாகைக்கு ஐந்தரை டன் பக்கவாட்டில் வரும். முதல் கட்டம் திட எரிபொருள் என்பதால் அங்கே இன்னொரு தந்திரம்: குழலை அசைக்காமல், அதன் சுவரில் ஒரு பக்கமாக ஸ்ட்ரான்ஷியம் பெர்குளோரேட் கரைசலைப் பீய்ச்சி, வெளியேறும் வாயுவையே ஒரு பக்கம் ஒதுங்க வைக்கிறார்கள். முட்டுக்கட்டைக்காரர் கரைசலால் கட்டை செய்துகொண்டது போல.

இரண்டில் எது கடினம் என்று நீ கேட்பாய். என் அபிப்பிராயத்தில் கட்டுப்பாட்டாளருடையதுதான். குழலைத் திருப்புவதற்குக் கணினியும் நீரழுத்தத் தண்டும் இருக்கின்றன. போன கோணம் எவ்வளவு என்று உணரி நொடிக்குப் பலமுறை திரும்பிச் சொல்லும். கட்டுப்பாட்டாளருக்கு இருப்பது ஒரு குரலும், அந்தப் பக்கம் இரைச்சலுக்கு நடுவே ஒரு காதும், "டூ எய்ட் ஸீரோ" என்று திரும்பி வரும் மூன்று எண்களும்தான்.

சித்திரைத் திருவிழாவுக்கு வரும்போது ஒரு கணக்கைப் போட்டுக்கொண்டு வா. மதுரை ஓடுபாதையில் 270 பாகைத் தடத்தில் 140 நாட் வேகத்தில் இறங்குகிறாய்; 240 பாகையிலிருந்து 25 நாட் காற்று. மூக்கு எந்தத் திசையைப் பார்க்க வேண்டும்? 265-ஐ ஒட்டி வந்தால் சரி. 275 வந்தால் நீ வைகையில் என்னோடு நீந்தியதில்லை என்று அர்த்தம். அத்தை உனக்கு நெல்லிக்காய் ஊறுகாய் போட்டு வைத்திருக்கிறாள், அம்மாவிடமும் சொல்.

அன்புடன்,
மாமா
திருமங்கலம்