ரெனீ பாவெலைப் பற்றியும் எழுதுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

கறுப்பின கோல்ஃப் வீரர் என்றாலே டைகர் உட்ஸ் பெயரோடு நம் விளையாட்டுப் பக்கங்கள் நின்றுவிடுகின்றன. அமெரிக்காவின் ஒஹையோ மாநிலத்து ரெனீ பாவெலை ஏன் யாரும் எழுதுவதில்லை?

அவருடைய தந்தை வில்லியம், இரண்டாம் உலகப் போரில் பணியாற்றித் திரும்பியவர். முன்னாள் வீரர்களுக்கான கடன் அவருக்கு மறுக்கப்பட்டது. கோல்ஃப் மைதானங்களிலும் நிறவெறி. கறுப்பின மருத்துவர்கள் இருவர் கைகொடுக்க, சொந்தமாகக் கோல்ஃப் மைதானம் அமைக்க ஒரு பால் பண்ணையை வாங்கினார். இரவெல்லாம் காவலாளி வேலை, பகலில் கல் பொறுக்கி, புல் விதையைத் தன் கையாலேயே தூவுவது. எந்த நிறத்தவரும் ஆடலாம் என்று 1948-இல் பிறந்த ‘கிளியர்வியூ’ மைதானம் அது.

அங்கே மூன்று வயதில் மட்டை பிடித்த ரெனீ, 1967-இல் பெண்களுக்கான தொழில்முறை கோல்ஃப் தொடரான எல்.பி.ஜி.ஏ.வில் நுழைந்தார். டென்னிஸிலிருந்து கோல்ஃபுக்கு வந்த அல்தியா கிப்சனுக்குப் பின் அங்கு ஆடிய இரண்டாவது கறுப்பினப் பெண். விடுதிகளில் அறை தர மறுத்தார்கள். கொலை மிரட்டல் கடிதங்கள் வந்தன. அப்படியும் 250-க்கு மேற்பட்ட போட்டிகள்!

என்னை அதிகம் நெகிழ வைப்பது அவருடைய பிற்காலப் பணிதான். ராணுவத்தில் பணியாற்றிய பெண்களுக்கு 2011 முதல் கிளியர்வியூவில் இலவசமாகக் கோல்ஃப் கற்றுத்தரும் திட்டத்தை நடத்தி வருகிறார். ஸ்காட்லாந்தில் 1754-இல் தொடங்கிய செயின்ட் ஆண்ட்ரூஸ் கோல்ஃப் சங்கம் 2015-இல்தான் பெண்களைக் கௌரவ உறுப்பினர்களாக்கியது. அந்த முதல் வரிசையில் ரெனீயும் ஒருவர்.

அவரைப் பற்றி ஒரு முழுப் பக்கக் கட்டுரை வெளியிட வேண்டுகிறேன்.

– ஒரு வாசகி