எந்தக் கையில் ஊசி என்று கேட்டவருக்கு

என் மகள் பாப்பா ஆஸ்பத்திரியில் இருந்து வீட்டுக்கு வந்து இன்றோடு பதினொரு நாள். என்ன நடந்தது என்று மறுபடி எழுதப் போவதில்லை. தெரிந்தவர்களுக்குத் தெரியும், தெரியாதவர்களுக்குத் தெரியாமலேயே இருக்கட்டும். திண்ணையில் உட்கார்ந்து எழுதுகிறேன். உள்ளே கிணிகிணி என்று ஒரு சத்தம் அங்கும் இங்கும் நடந்துகொண்டிருக்கிறது. அதைப் பற்றிச் சொல்லத்தான் உட்கார்ந்தேன்.

அதற்கு முன்னால் மற்றவர்கள். நள்ளிரவில் ஒரு போனுக்கு ஓடிவந்து ரத்தம் கொடுத்துவிட்டுப் பெயர்கூடச் சொல்லாமல் போன கல்லூரிப் பையன்கள் மூன்று பேர். மீட்டரையும் பார்க்காமல் என் முகத்தையும் பார்க்காமல் வண்டி ஓட்டிய ஆட்டோ அண்ணன். எதிர்க் கட்டிலில் இருந்த ஆத்தூர்க் குடும்பம், அவர்கள் தூக்கில் வந்த ரசத்தில் பாதி எங்களுடையது. பாப்பாவின் கணக்கு டீச்சர், அலுவலகத்தில் என் வேலையைப் பங்கு போட்டுக்கொண்டவர்கள், இரவுப் பணி நர்ஸ் பெண்கள், டாக்டர்கள், சிங்கப்பூரில் இருந்து தினமும் இரண்டு வேளை கூப்பிட்டு அழாமல் பேசிய என் தங்கை. ஒவ்வொருவருக்கும் ஒரு மடல் எழுதலாம். எழுதவில்லை என்று கோபித்துக்கொள்ள மாட்டீர்கள் என்கிற தைரியத்தில் எல்லோரையும் ஒரே மூட்டையாகக் கட்டிவிட்டேன். மன்னித்துக்கொள்ளுங்கள்.

இப்போது அந்தச் சத்தம்.

பாப்பாவிடம் ஒரு வெள்ளி பிரேஸ்லெட் இருக்கிறது. சார்ம் பிரேஸ்லெட் என்பார்களே, சங்கிலியில் குட்டிக் குட்டித் தொங்கல்கள் ஆடுமே, அது. அவளுடைய சித்தி வாங்கிக் கொடுத்தது. ஒவ்வொரு பிறந்தநாளுக்கும் ஒரு தொங்கல் சேரும். யானை, மீன், நட்சத்திரம், சாவி, சைக்கிள், மணி, எனாமல் பூசிய பட்டாம்பூச்சி என்று பன்னிரண்டு வயதுக்குப் பன்னிரண்டு. 'குட்டீஸ்' என்று அவள் வைத்த பெயர். விக்டோரியா மகாராணிக்கு 1840இல் மூத்த குழந்தை பிறந்தபோது கணவர் ஆல்பர்ட் இதுபோல ஒன்று கொடுத்தாராம். ஒவ்வொரு பிள்ளைக்கும் ஒரு எனாமல் இதயம், அதற்குள் அந்தப் பிள்ளையின் முடி. ஒன்பது பிள்ளை, ஒன்பது இதயம். பாப்பாதான் எங்கேயோ படித்துவிட்டுச் சொன்னாள். சங்கு, சக்கரம், வாள், வில், கதாயுதம் என்று ஐந்தையும் கோர்த்து நம் ஊரில் குழந்தைகளுக்கு ஐம்படைத்தாலி கட்டியது அதற்கெல்லாம் ரொம்ப முந்தி என்று நான் சொன்னேன். "அதுல சைக்கிள் இல்லையே" என்றாள்.

ஆஸ்பத்திரியில் ஊசி போட வரும்போதெல்லாம் அவள் இந்தக் குட்டீஸை விரலால் தடவி எண்ணுவாள். யானையில் ஆரம்பித்துப் பட்டாம்பூச்சியில் முடிப்பதற்குள் ஊசி இறங்கிவிடும். எனக்கு அது ஒரு பிடிமானம். அவளைவிட எனக்குத்தான் என்று நினைக்கிறேன்.

அதை அறுத்தது நான்.

எம்.ஆர்.ஐ. ஸ்கேன் அறை வாசலில் கழற்றச் சொன்னார்கள். வெள்ளி காந்தத்தில் ஒட்டாது. ஆனால் கொக்கிக்குள் இருக்கிற சுருள்வில் பெரும்பாலும் எஃகு. எப்படியும் அந்த அறைக்குள் உலோகம் எதுவும் ஆகாது. ஸ்ட்ரெச்சர் காத்திருக்கிறது, கொக்கி திறக்கவில்லை, என் கை நடுங்குகிறது. இழுத்துவிட்டேன். சங்கிலி கொக்கிக்குப் பக்கத்தில் அறுந்து, நாலைந்து தொங்கல்கள் வளையம் பிரிந்து வராண்டா முழுக்கச் சிதறின. பாப்பா ஒன்றும் சொல்லவில்லை. கண்ணை மூடிக்கொண்டு உள்ளே போனாள். தரை துடைத்துக்கொண்டிருந்த அக்கா மாப்பைச் சுவரில் சாய்த்துவிட்டு என்னோடு மண்டி போட்டுத் தேடினார். கடைசியாக எடை பார்க்கும் மெஷினுக்கு அடியில் இருந்து மீனை எடுத்து, முந்தானையில் துடைத்துக் கொடுத்தவரும் அவர்தான். அவரையும் மூட்டையில் சேர்த்துக்கொள்கிறேன்.

அன்று சாயங்காலம் அம்மாவை உட்கார வைத்துவிட்டு ஒரு பெரிய நகைக்கடைக்குப் போனேன். வெள்ளியில் ரிப்பேர் பார்ப்பதில்லை, எடைக்குப் போட்டுவிட்டுப் புதிதாக வாங்கிக்கொள்ளுங்கள் என்று மரியாதையாகவே சொன்னார்கள். ஏசி குளிரில் ஐந்து நிமிஷம் நின்றுவிட்டு வெளியே வந்தேன்.

சேலத்துக்காரர்களுக்குச் செவ்வாய்ப்பேட்டையைப் பற்றிச் சொல்ல வேண்டியதில்லை. மற்றவர்களுக்காக: உங்கள் வீட்டுப் பெண்கள் காலில் கிடக்கும் கொலுசு அங்கேயோ சுற்றுவட்டாரத்திலோ ஏதாவது ஒரு பட்டறையில் பிறந்திருக்க நல்ல வாய்ப்பு உண்டு. அங்கே ஒரு சந்தில், ஒரு பட்டறை மட்டும் அரைக் கதவு திறந்திருந்தது. பெரியவர் ஒருவர் சாமான்களை எடுத்துவைத்துக்கொண்டிருந்தார். மணி எட்டு. "நாளைக்கு வாம்மா" என்றார். நான் கைக்குட்டையை விரித்துக் காட்டினேன். ஒன்றும் பேச வரவில்லை.

அவர் மறுபடி பலகையில் உட்கார்ந்து, ஒரு தட்டில் எல்லாவற்றையும் கொட்டி, சாமணம் என்கிற சின்ன இடுக்கியால் ஒவ்வொன்றாக நகர்த்தினார். "பன்னெண்டா?" ஆமாம் என்றேன். "யாரு போடறது?" மகள். "புள்ள எங்க?" ஆஸ்பத்திரி பெயரைச் சொன்னேன். என்ன, ஏது, எத்தனை நாளாக என்று கேட்பார் என்று காத்திருந்தேன். ஆஸ்பத்திரியில் கழிந்த அந்த நாற்பது நாளில் அதற்கு நான் பதில் சொல்லாத ஆள் இல்லை. அவர் கேட்கவில்லை. சங்கிலியை விளக்கு வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்த்துவிட்டு, கொஞ்ச நேரம் கழித்து ஒன்றே ஒன்று கேட்டார்.

"எந்தக் கையில ஊசி?"

இடது கையில் என்றேன். ஆனால் மாற்றி மாற்றிப் போடுகிறார்கள். "கை வீங்கியிருக்கா?" கொஞ்சம். அவ்வளவுதான் பேச்சு. அதற்குப் பிறகு அவர் செய்ததெல்லாம் அந்த இரண்டு பதிலில் இருந்து வந்தது.

முதலில் அந்தக் கொக்கியைக் கழற்றி ஓரமாக வைத்தார். "ஸ்பிரிங்கு வச்சது. உள்ள துருப்பிடிச்சா தெறக்காது." கம்பியை வளைத்து, நுனியைத் தட்டி, ஒரு 'எஸ்' கொக்கி செய்தார். நர்ஸ் ஒரு கையாலேயே கழற்றலாம், மாட்டலாம். அடுத்து, சங்கிலியில் புதிதாக மூன்று கண்ணி சேர்த்தார். வீங்கின கைக்கு அது வேண்டும் என்று எனக்குத் தோன்றியே இருக்காது. பிறகு மீனை எடுத்து அதன் வாலை விரலில் தடவிப் பார்த்தார். அரத்தை எடுத்து இரண்டு முனையையும் மழுக்கினார். நட்சத்திரத்துக்கு ஐந்து முனை, ஐந்தையும் மழுக்கினார். "டியூப்புல மாட்டும்" என்றார், என்னிடம் இல்லை, மீனிடம்.

நான் அழுதேன். நாற்பது நாளில் அன்றைக்குத்தான்.

அவர் அதைப் பார்த்ததாகக் காட்டிக்கொள்ளவில்லை. ஒரு வேலையைக் கொடுத்து என் அழுகையை நிறுத்தினார் என்று இப்போது புரிகிறது. "இங்க பாரு" என்று ஒரு வளையத்தை எடுத்துத் தந்து, இரண்டு சின்னக் குறடுகளையும் என் கையில் கொடுத்தார். வளையத்தை வெளிப்பக்கமாக இழுத்துப் பிளக்கக் கூடாதாம், வட்டம் கெட்டுவிடும், பிறகு எவ்வளவு அழுத்தினாலும் வாய் சேராது. ஒரு முனையை நம் பக்கமும் மறு முனையை அந்தப் பக்கமும் கதவு திறப்பதுபோலத் திருக வேண்டும். மூடும்போதும் அதேபோல, சேரும் இடத்தைக் கொஞ்சம் தாண்டிப் போய்த் திரும்பினால் இரண்டு முனையும் உரசி 'கிர்' என்று ஒரு சத்தம் வரும். அது வந்தால்தான் மூடியது. நான் மூன்று வளையம் கெடுத்தேன். நாலாவதில் சத்தம் வந்தது.

சங்கிலியை முறுக்கில்லாமல் பலகையில் நீட்டிப் படுக்க வைத்து, எல்லாத் தொங்கலையும் கண்ணிகளின் ஒரே பக்கத்தில் மாட்டச் சொன்னார். மாறி மாறி மாட்டினால் ஒன்றோடொன்று சிக்கிக்கொள்ளும். கனமானது நடுவில். யானை நடுவில் போனது. கொக்கிக்கு இரண்டு பக்கமும் ஒவ்வொரு கண்ணி காலியாக இருக்க வேண்டும், இல்லாவிட்டால் மாட்டும்போது விரலுக்கு இடம் கிடைக்காது.

பிறகுதான் நெருப்பு. வளையத்தின் வாயில் வெங்காரக் (போராக்ஸ்) கரைசலைத் தொட்டு வைத்து, கடுகில் பாதிகூட இல்லாத ஒரு துணுக்குப் பொடியைச் சாமணத்தால் அதன்மேல் வைத்தார். நாம் பேச்சுக்குச் சொல்கிறோமே பொடி வைத்து ஊதுவது என்று, அந்தப் பொடிதான். வெள்ளியையே சேர்ப்பதற்கான வெள்ளிக் கலவை, ஆனால் வெள்ளிக்கு முன்னால் உருகிவிடும். அவர் ஊதுகுழலை வாயில் வைத்தார். சுடர் மெல்லியதாகச் சாய்ந்து வளையத்தைச் சுற்றி வந்தது. வெங்காரம் முதலில் பொரிந்து வெள்ளையாகப் பூத்தது, பிறகு கண்ணாடிபோல ஆனது, வளையம் மங்கலாகச் சிவந்தது, சட்டென்று அந்தத் துணுக்கு காணாமல் போய்ப் பிளவில் ஒரு மின்னல் கோடு ஓடியது. அதற்குள் சுடரை எடுத்துவிட்டார். இன்னொரு நொடி இருந்தால் வளையமே உருண்டையாகியிருக்கும். இப்படிப் பதினொரு முறை.

பட்டாம்பூச்சிக்கு மட்டும் நெருப்புக் காட்டவில்லை. எனாமல் விரிசல் விட்டுவிடும். அதற்குச் சாவிக்கொத்து வளையம்போல இரண்டு சுற்றுச் சுற்றிய தடித்த வளையம். "அதை மட்டும் அப்பப்போ பாத்துக்க" என்றார்.

இடையில் அவருக்கு வீட்டில் இருந்து இரண்டு முறை போன் வந்தது. இரண்டு முறையும் "வரேன்" என்றார். கருத்துப்போன சங்கிலியைச் சூடான படிகாரத் தண்ணீரில் போட்டு, எடுத்து, பூந்திக்கொட்டை நுரையில் பிரஷ் வைத்துத் தேய்த்து, துணியில் ஒற்றி என் உள்ளங்கையில் வைத்தபோது மணி ஒன்பதே முக்கால். எவ்வளவு என்று கேட்டேன். "கம்பிக் காசு நூறு குடு." கூடக் கொடுத்ததை வாங்கவில்லை. ஆஸ்பத்திரிக்கு இதெல்லாம் எப்படி வேண்டும் என்று உங்களுக்கு எப்படித் தெரியும் என்று நான் கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் சொல்லியிருக்க மாட்டார்.

அதற்குப் பிறகு அந்த பிரேஸ்லெட் எத்தனை முறை கழற்றப்பட்டு எத்தனை முறை மாட்டப்பட்டது என்று கணக்கில்லை. ஒருமுறைகூட டியூபில் மாட்டவில்லை.

எதையும் ஒழுங்காக வைத்துக்கொள்ளத் தெரியாத நான் இப்போது இதில் ஒரு பைத்தியம். ஒருநாள் ரப்பர் பேண்டில் சுற்றி வைத்துவிட்டேன், காலையில் பார்த்தால் கறுப்புக் கோடு. ரப்பரில் கந்தகம் இருக்கிறது, வெள்ளிக்கு அது எமன். இப்போது பருத்தித் துணிப் பை, அதற்குள் ஒரு சாக்பீஸ் ஈரத்துக்கு. சானிடைசர் கையில் காய்ந்த பிறகுதான் மாட்டுவது. வெள்ளிக்கிழமை பூந்திக்கொட்டைத் தண்ணீர், மெல்லிய பிரஷ், உடனே துடைத்துவிடுவது. பட்டாம்பூச்சியை ஊற வைப்பதில்லை. பற்பசை போட்டுத் தேய்க்கச் சொல்பவர்களை நம்பாதீர்கள், கீறல் விழும். அலுமினியத் தாளும் சோடா உப்பும் போட்ட வெந்நீரில் முக்கினால் பளிச்சென்று வரும் என்பது உண்மைதான், ஆனால் யானையின் காது மடிப்பில் வேண்டுமென்றே போட்ட கறுப்பையும் அது தின்றுவிடும். காது போன யானை முழிக்கும்.

ஆஸ்பத்திரியில் யாராவது படுத்திருந்தால் ஆர்லிக்ஸ் பாட்டிலோடு போய் நின்று "என்ன ஆச்சு?" என்று கேட்கிற ஆள் நான். இத்தனை வருஷமும் அப்படித்தான். இனிமேல் போவதற்கு முன்னால் போன் செய்து, சார்ஜர் வயர் கட்டில்வரை எட்டுகிறதா, துணைக்கு இருப்பவருக்குப் படுக்கப் பாய் இருக்கிறதா என்று கேட்டுவிட்டுத்தான் போவேன். இதை எழுதி வைக்கிறேன், நான் மறந்தால் நீங்கள் ஞாபகப்படுத்துங்கள்.

ஐயா, நீங்கள் இதைப் படிக்கப் போவதில்லை. உங்கள் போன் பட்டன் போன். அதனால் நேற்றுப் பாப்பாவைக் கூட்டிக்கொண்டே வந்தேன். வீக்கம் வடிந்து கை குச்சியாக இருக்கிறது, பிரேஸ்லெட் முழங்கைவரை ஏறி இறங்குகிறது, அந்த மூன்று கண்ணியையும் எடுத்துவிடுங்கள் என்று கேட்டேன். நீங்கள் அவள் மணிக்கட்டைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தீர்கள். ஊசித் தழும்பைப் பார்த்தீர்களா, எலும்பைப் பார்த்தீர்களா, தெரியவில்லை.

"எதுக்கு எடுக்கணும்? வளர்ற புள்ள" என்றீர்கள்.