பம்பியை நிறுத்தித் தந்தவர்களுக்கும் நன்றி

அன்புள்ள ஊரவர்களுக்கும் உடன் உழைத்தவர்களுக்கும்,

2009இல் போர் முடிந்தபின் முல்லைத்தீவில் மீள்குடியேறிய குடும்பங்களின் சாதாரண நாள்தான் எங்கள் ஆவணப்படம். விடியப்புறம் தேங்காய் திருவுவது, படலை திறப்பது, தையல் மெசின் ஓடுவது. இடிந்த சுவர்களைத் தேடி வருகிறவர்களுக்கு இதில் தீனி குறைவு.

இப்படிப்பட்ட படத்துக்குச் சத்தம்தான் உயிர். கேட்டவுடன் தண்ணீர்ப் பம்பியையும் ஃபானையும் நிறுத்திய வீட்டுக்காரருக்கு முதல் நன்றி. பேச்சு முடிந்தும் ஒரு நிமிடம் அசையாமல் இருந்தீர்கள். அந்த வெறும் அறைச் சத்தம் இல்லாவிட்டால் பேச்சை வெட்டி ஒட்டிய இடமெல்லாம் காதில் இடறும். வெயில் ஏறினால் தகரக் கூரை விரிந்து ‘டிக் டிக்’கென்று பேச்சுக்குள் புகுந்துவிடும். அதனால்தான் காலை 9 மணிக்குள் முடிக்க அவசரப்படுத்தினோம், பொறுத்துக்கொண்டீர்கள்.

மிதிவெடி அகற்றும் தொழிலாளருக்கும் கடன்பட்டிருக்கிறோம். நல்ல கோணம் வேண்டுமென்று கமரா முக்காலியின் ஒரு காலைக்கூட அடையாளமிட்ட பாதைக்கு வெளியே வைக்க விடவில்லை. வெள்ளம் வெடிகளை நகர்த்திவிடும் என்பது அவர்களுக்குத் தெரியும்.

சம்மதம் இரண்டு முறை கேட்டோம்: எடுக்கும் முன்பும், வெட்டிய படத்தைக் காட்டிய பின்பும். இரண்டாம் முறை ‘வேண்டாம்’ என்றவர்களின் பகுதி படத்தில் இல்லை. அதை முகம் சுளிக்காமல் திரும்பக் கோத்த படத்தொகுப்பாளருக்கு நன்றி. வீட்டுச் சுவரில் மாட்டிய புகைப்படத்தில் இருப்பவரிடம் யார் சம்மதம் கேட்பது? குடும்பம் தெளிவாகச் சொன்னால் ஒழிய அவற்றை மங்கலாக்கினோம்.

மொழிபெயர்ப்பாளர்களைத் தனியாகச் சொல்ல வேண்டும். ‘காணாமல் போனவர்’ வேறு, ‘காணாமல் ஆக்கப்பட்டவர்’ வேறு. முதலாவதில் ஆக்கியவர் இல்லை. படத்தின் கீழே ஓடும் சிங்கள, ஆங்கில வரிகள் இரண்டிலும் இந்த வேறுபாட்டைக் காப்பாற்றினீர்கள். ‘அவனுக்குப் புட்டெண்டால் விருப்பம்’ என்று காணாமல் ஆக்கப்பட்ட மகனைப் பற்றி ஒரு தாய் சொன்னால் அது ‘விருப்பமாயிருந்தது’ ஆகிவிடக் கூடாது. வரி நீண்டாலும் நிகழ்காலத்தை விடவில்லை.

ஒவ்வொரு வீட்டுக்கும் அந்த வீட்டில் எடுத்த முழுப் பதிவும், படத்தில் வராததும் சேர்த்து, பென்ட்ரைவில் வரும். பழைய ரிவிகள் 4 ஜிபிக்கு மேற்பட்ட கோப்பைப் பெரும்பாலும் வாசிக்காது; அதனால் துண்டு துண்டாகப் பிரித்து எண் இட்டிருக்கிறோம். 1இலிருந்து பாருங்கள். தையல் மெசின் 3இல் இருக்கிறது.

நன்றியுடன்,
படக்குழுவினர்