செயலாளரின் ஆண்டறிக்கை

தலைவர் அவர்களுக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

நம் திரைக்கழகத்தின் மாதம் இருமுறை திரையிடல் ஏறக்குறைய தடையின்றி நடந்தது. ஒருமுறை மட்டும் ஒலிபெருக்கி மக்கர் செய்ததால் ஒரு வாரம் தள்ளிப்போனது. வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார்.

இவ்வாண்டு எடுத்துக்கொண்ட பொருள், சிறுவர் அனிமேஷன் தொடர்கள் பிந்தைய சீசன்களில் எப்படி முதிர்கின்றன என்பது. "பொம்மைப் படத்துக்கு ஓராண்டா?" என்று முதலில் கேட்டவன் நான்தான் என்பதையும் பதிவு செய்கிறேன்.

'அவதார்: தி லாஸ்ட் ஏர்பெண்டர்' (2005–2008) மூன்று சீசன்கள், 61 அத்தியாயங்கள், முழுவதும் பார்த்தோம். முதல் சீசனில் தேநீரும் தூக்கமுமாகச் சிரிக்கவைப்பவர் ஐரோ என்ற முதியவர். இரண்டாம் சீசனில், பா சிங் சே நகரில், அழும் குழந்தையைப் பாட்டுப் பாடித் தேற்றுகிறார். மிரட்டிப் பணம் பறிக்க வந்தவனுக்கு நிற்கும் முறையைத் திருத்திவிட்டுத் தேநீரும் தருகிறார். பொழுது சாய, குன்றின்மேல், போரில் இறந்த மகனின் படத்தை வைத்து அதே பாட்டைப் பாடுகிறார், குரல் உடைகிறது. ஐரோவுக்குக் குரல் தந்த மாக்கோ 2006-இல் காலமானார். அந்தப் பகுதி அவருக்கே காணிக்கை. அன்று விளக்கைப் போட யாரும் எழவில்லை.

முதிர்ச்சி என்றால் ரத்தமும் இருட்டும் என்ற கட்சி அத்தோடு அடங்கியது. நடந்தது அடுத்த அத்தியாயத்தில் அழிந்துபோகாமல் இருப்பதே முதிர்ச்சி என்பது என் கணிப்பு. ஆனால் ஐரோவின் தம்பி மகன் ஸூக்கோவுக்குத் தந்தையே முகத்தில் சுட்ட தழும்பின் கதை முதல் சீசனிலேயே வருகிறதே, நம் தலைப்பே பாதி தவறு என்றார் மூத்த உறுப்பினர் ஒருவர். நியாயம்தான்.

'அட்வெஞ்சர் டைம்' (2010–2018) பத்து சீசன்கள் என்பதால் பொறுக்கித்தான் பார்த்தோம். கதாநாயகன் ஃபின் 12 வயதில் தொடங்கி 17-இல் முடிகிறான். குரல் கொடுத்த சிறுவனுக்கு மகரக்கட்டு உடைந்தபோது ஃபினின் குரலும் கூடவே மாறியது. இளவரசிகளைக் கடத்தும் கோமாளி ஐஸ் கிங்தான் ஒருகாலத்தில் சிறுமி மார்சலினைக் காத்த சைமன் என்பது நான்காம் சீசனில் தெரியவருகிறது. அவர் அன்று எழுதிய வரிகளை அவள் பாட, தன் எழுத்தென்றே தெரியாமல் அவர் குஷியாகப் பக்க இசை வாசித்துக்கொண்டிருக்கிறார். பிறகு முதல் சீசனை மறுபடி போட்டோம். சிரித்த இடங்களில் சிரிப்பு வரவில்லை.

ஒரு குறை: சிறு பிள்ளைகளோடு வந்தவர்களுக்கு அத்தியாயத்தின் பொருளை முன்கூட்டிச் சொல்லவில்லை. தவறு என்னுடையது, இனி அறிவிப்பிலேயே இருக்கும்.

அறிக்கையை அவையின் ஒப்புதலுக்கு வைக்கிறேன்.

செயலாளர்