உன் வசனத்தை நீயே வெட்டப் போகிறாய்

அன்புள்ள மாப்ளே,

இத்தனை நாள் வசனம் எழுதிய நீ முதல் படம் இயக்கப் போகிறாய் என்று போனில் சொன்னதை வீட்டில் சொல்லிவிட்டேன். பூஜை போடும்வரை வெளியே போகாது, கவலைப்படாதே. "அண்ணன் இனிமேல் நம்மிடமெல்லாம் பேசுவாரா?" என்று உன் தங்கச்சி கேட்கிறாள். பெரியவளுக்குத் திருச்சியிலேயே கல்லூரி கிடைத்துவிட்டது. ஜெராக்ஸ் கடை ஏதோ ஓடுகிறது.

எழுதுகிறவனுக்கு கேமரா பிடிபடுமா என்று தயாரிப்பாளர் பக்கத்தில் ஒருவர் இழுத்தாராமே. எழுத்தாளராக இருந்து இயக்குநரான ஸ்ரீதரைச் சொல்லியிருக்கலாமே நீ! 'அமர தீபம்' (1956), 'உத்தம புத்திரன்' (1958) இரண்டிலும் எழுத்து அவருடையது, இயக்கம் டி. பிரகாஷ் ராவ். அடுத்த வருஷமே 'கல்யாண பரிசு' படத்தை அவரே எழுதி இயக்கிவிட்டார். அப்போது 26 வயதுகூட நிரம்பவில்லை. திறமை மட்டுமே காரணம் என்று நான் சொல்ல மாட்டேன். வீனஸ் பிக்சர்ஸ் படக் கம்பெனியில் அவரும் ஒரு பங்குதாரர், வாய்ப்புக்காக யார் வாசலிலும் நிற்க வேண்டியதில்லை. நமக்கு அந்தக் கொடுப்பினை இல்லை, விடு.

அந்தப் படத்தின் முடிவை மறுபடி ஒருமுறை போட்டுப் பார். மனைவி போய்ச் சேர்ந்த பிறகு பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஜெமினி கணேசன் தன் பழைய காதலியைத் தேடி வருகிறார். அவளுக்கோ வேறொருவருடன் கல்யாணம். பிள்ளையைப் பரிசாகக் கொடுத்துவிட்டு நடையைக் கட்டுகிறார். ஸ்ரீதர் வெறும் வசனகர்த்தாவாக உட்கார்ந்திருந்தால் அந்த இடத்தில் இரண்டு பக்கத்துக்குக் குமுறி எழுதக் கை துறுதுறுத்திருக்கும். உனக்குத் துறுதுறுக்கும், எனக்குத் தெரியும். வடபழனி ரூமில் நீ எழுதிய கோர்ட் சீனை ஒரே மூச்சில் படித்துக் காட்டியபோது டீ ஆறிப் போனதே!

ஸ்ரீதரின் 'காதலிக்க நேரமில்லை' (1964) படத்தில் நாகேஷ் பாலையாவுக்குத் திகில் கதை சொல்கிற காட்சியும் அப்படித்தான். நாகேஷ் சொல்வதைத் தாளில் எழுதிப் பார்த்தால் பாதி வெறும் சத்தம், சிரிப்பே வராது. பாலையாவின் முகம் கொஞ்சம் கொஞ்சமாக வெளிறுகிறதே, சிரிப்பு அங்கேதான் இருக்கிறது. கேமரா அந்த முகத்தை விட்டு விலகியிருந்தால் காட்சி படுத்திருக்கும். ஸ்கிரிப்டில் நீ எழுதவே முடியாத சமாச்சாரம் இது. ஷூட்டிங்கில் மானிட்டரைப் பார்க்கும்போது வசனம் சரியாக வருகிறதா என்று கேட்டுக்கொண்டு மட்டும் உட்காராதே. கேட்கிறவன் முகத்தைப் பார்.

அப்புறம் இன்னொன்று. அந்தப் படத்தை ஸ்ரீதர் தனியாக எழுதவில்லை, செங்கல்பட்டுப் பள்ளித் தோழர் கோபுவோடு சேர்ந்துதான் எழுதினார். நன்றாக எழுதத் தெரிந்தவர், அதுவும் இயக்குநர், பக்கத்தில் இன்னொரு எழுத்தாளரை வைத்துக்கொள்வது லேசான காரியமா? (அந்தக் கோபுவும் பிறகு இயக்குநராகி 1972இல் 'காசேதான் கடவுளடா' எடுத்தார்.) நீயோ டிஸ்கஷனில் உதவியாளர்கள் வாயைத் திறந்தாலே முறைக்கிற ஆள். "சார், இந்த இடம் நீளம்" என்று முகத்துக்கு நேராகச் சொல்கிற ஒருவரையாவது யூனிட்டில் வைத்துக்கொள். கிடைக்காவிட்டால் எனக்கு அனுப்பு. படத்தொழிலை விட்டு வந்தாலும் வெட்டுகிற வேலை மறந்துவிடவில்லை.

பட்ஜெட் சின்னது என்று புலம்பினாய். ஸ்ரீதரின் 'நெஞ்சில் ஓர் ஆலயம்' முழுக்க ஓர் ஆஸ்பத்திரிக்குள்ளேயே நடக்கிற கதை. ஒரு மாதத்துக்குள் எடுத்து முடித்ததாகச் சொல்வார்கள். வின்சென்ட் மாதிரி ஒரு கேமராமேன் இருந்தார் என்பது வேறு விஷயம். ஆகவே உன் கதையில் வருகிற அந்த ஊட்டிப் பாட்டைத் தாராளமாகத் தூக்கிவிடலாம். கோபப்படாதே.

முழுசாக எழுதி பைண்ட் பண்ணிய ஸ்கிரிப்டை கூரியரில் அனுப்பு, போனில் படிக்கக் கண் ஒத்துழைக்கவில்லை. தீபாவளிக்கு ஊருக்கு வந்தால் வீட்டுக்கு வராமல் போகாதே. அம்மா உன்னைக் கேட்டுக்கொண்டே இருக்கிறார்.

உன்,
வடபழனி ரூம் பங்காளி