ஆயாக் கொட்டகையை மறுபடி திறக்க உதவுங்கள்

சுங்கை சிப்புட் சுற்றுவட்டாரத் தோட்டத்து உறவுகளுக்கு வணக்கம்.

நம் லயத்துப் பிள்ளை ஒருத்தி மூன்றாம் ஆண்டு படிக்கிறாள். போன வருடம் அவள் கைகளிலும் வாயோரத்திலும் வெண்புள்ளி வந்தது. ஓய்வு நேரத்தில் கேண்டீனில் அவள் வந்து உட்கார்ந்தால் மற்ற பிள்ளைகள் தட்டைத் தூக்கிக்கொண்டு நகர்ந்துவிடுகிறார்கள். விளையாட்டில் அவள் கையை யாரும் பிடிப்பதில்லை. ஒருநாள் புள்ளிகள் மேல் பழுப்பு வாட்டர் கலர் தீட்டிக்கொண்டு பள்ளிக்குப் போயிருக்கிறாள். கை கழுவியதும் எல்லாம் வழிந்துவிட்டது. அதிலிருந்து தினமும் காலையில் வயிற்று வலி என்கிறாள். அவள் அம்மாதான் இதை எழுதச் சொன்னார், பெயர் மட்டும் வேண்டாம் என்றார்.

பிள்ளைகளை மட்டும் குற்றம் சொல்ல முடியாது. "அவகூடச் சாப்பிடாதே, ஒட்டிக்கும்" என்று சொல்லி அனுப்பியது நம் வீடுகள்தான். பெரியவர்களின் பயமும் புரிகிறது. 1930இல் சுங்கை பூலோவில் தொழுநோயாளிகளுக்கான குடியிருப்பு திறந்த பிறகு, தோலில் வெள்ளை தெரிந்தாலே அங்கே கொண்டுபோய்விடுவார்கள் என்று பயந்த தலைமுறை அது. ஆனால் வெண்புள்ளி தொழுநோய் அல்ல. தோலுக்கு நிறம் தரும் செல்களை உடம்பின் எதிர்ப்புச் சக்தியே அழித்துவிடுவதால் வருவது. தொட்டாலும் ஒட்டாது, ஒரே தட்டில் சாப்பிட்டாலும் ஒட்டாது. தொழுநோயே இன்று மாத்திரையில் குணமாகிறது.

சரி, நாம் என்ன செய்யலாம்? கோயிலுக்குப் பின்னால் பூட்டிக் கிடக்கும் ஆயாக் கொட்டகையை மாலை நேரக் கூடமாக்கப் போகிறோம். அம்மா அப்பா பால்மரக் காட்டுக்குப் போனபின் நம்மில் எத்தனை பேர் அங்கே ஒரே பாயில் தூங்கி, ஒரே சட்டிக் கஞ்சியைக் குடித்து வளர்ந்தோம்! அந்தப் பழக்கம் நம் பிள்ளைகளுக்கும் வர வேண்டும். கதைப் புத்தகம், கேரம், வீட்டுப்பாடம், அப்புறம் எல்லாருக்கும் சேர்த்து ஒரே நீள மேசையில் பசியாறல். தனித்தனி மேசை வேண்டாம் என்பதில் குழு உறுதியாக இருக்கிறது.

கூரைத் தகரம், மேசை, பெஞ்சு, காற்றாடி, புத்தகம் எல்லாவற்றுக்கும் 9,500 ரிங்கிட் தேவை. தச்சு வேலையை நம் இளைஞர்களே செய்கிறார்கள், கூலி இல்லை. உலக வெண்புள்ளி தினமான ஜூன் 25 அன்று திறக்க நினைக்கிறோம்.

கோலாலம்பூர், ஜொகூர், சிங்கப்பூர் என்று போய்விட்டவர்களுக்கும் இது உங்கள் கொட்டகைதான். ஐந்து ரிங்கிட்டானாலும் கொடுங்கள். வெள்ளிக்கிழமை பூஜைக்குப் பிறகு கோயில் அலுவலகத்தில் பொருளாளரிடம் கொடுத்து ரசீது வாங்கிக்கொள்ளுங்கள். வரவு செலவை மாதாமாதம் கோயில் பலகையில் ஒட்டுவோம்.

இப்படிக்கு,
ஆயாக் கொட்டகைச் சீரமைப்புக் குழு